நாற்பத்தொரு முறை கண் விலகியவள்

அந்த மருத்துவமனையில் அவளுடைய உண்மைப் பெயர் சம்பளச் சீட்டில் மட்டும்தான் இருந்தது. மற்றபடி எல்லோருக்கும் அவள் நீராவியக்கா. அவளைவிட வயதில் மூத்த டாக்டர்கள்கூட அப்படித்தான் கூப்பிட்டார்கள்.

தரைத்தளத்தில், சலவைக்கூடத்துக்கும் லிஃப்டுக்கும் நடுவில், ஜன்னல் இல்லாத ஓர் அறை உண்டு. ஆபரேஷன் முடிந்ததும் கத்தி, கத்தரி, இடுக்கி, குழாய் எல்லாம் ரத்தக்கறையோடு ஒரு சிறு கதவு வழியாக அந்த அறைக்குள் வரும். கழுவி, ஊறவைத்து, தேய்த்து, துடைத்து, ட்ரேயில் அடுக்கி, துணியில் பொதிந்து, ஆட்டோகிளேவ் என்கிற பெரிய நீராவிப் பெட்டிக்குள் வைத்துக் கிருமியெல்லாம் சாகும்வரை அவித்து எடுத்தால், இன்னொரு சிறு கதவு வழியாக மேலே ஆபரேஷன் தியேட்டருக்குப் போகும். அந்த இரண்டு கதவுகளுக்கும் நடுவில் பதினாறு வருஷம் நின்றவள் அவள்.

அவள் அங்கே வேலைக்கு வந்தது தரை துடைக்க. உள்ளே ஆள் குறைந்த ஒரு நாள் "கொஞ்சம் கை குடு" என்றார்கள். கொடுத்த கையை அவள் திரும்ப எடுத்துக்கொள்ளவே இல்லை. போகப் போக, பொதியைக் கையில் தூக்கும்போதே உள்ளே ஈரம் இருக்கிறதா இல்லையா என்று சொல்லிவிடுவாள். ஈரப் பொதி மேலே போகக் கூடாது. ஈரம் இருந்தால் கிருமி துணி வழியாக உள்ளே இறங்கிவிடும். ஒருமுறை பெரிய சர்ஜனுடைய ட்ரேயையே நிறுத்தி வைத்துவிட்டாள். அவர் கீழே இறங்கி வந்து சிறு கதவைத் தட்டித் தட்டிக் கத்தினார். அவள் திறக்கவில்லை.

"நீங்க கத்தி முடிச்சிட்டீங்கன்னா நான் வேலையப் பாக்கறேன் சார். இன்னும் ஒரு மணி நேரம் ஆகும்."

அவர் அதற்குப் பிறகு ஒரு வாரம் அவளைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டார். எட்டாம் நாள், "என் ட்ரேய அந்தம்மாவே அடுக்கட்டும்" என்று சொல்லி அனுப்பினார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்த பிழைப்பில்தான் ஒரு திங்கட்கிழமை சுற்றறிக்கை வந்தது. மருத்துவமனைக்கு ஏதோ தரச் சான்று வாங்க வேண்டுமாம். அதனால் நீராவி அறையில் வேலை பார்க்கும் ஆறு பேரும் மூன்று மாதத்துக்குள் கிருமிநீக்கச் சான்றிதழ் ஒன்று வாங்கியாக வேண்டும். ஒரு பயிற்சி நிறுவனம் ஆன்லைனில் நடத்தும் படிப்பு. நாற்பது பாடம், எல்லாம் செல்போனில். கடைசியில் ஒரு தேர்வு, அதுவும் செல்போனில், கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்து. கட்டணத்தில் பாதியை மருத்துவமனை கட்டும், பாதியைத் தொழிலாளி கட்ட வேண்டும். சான்றிதழ் இல்லாதவர்கள் அந்த அறைக்குள் நுழையக் கூடாது.

நிர்வாக அலுவலர் ஆறு பேரையும் கூப்பிட்டு வைத்து விளக்கினார்.

"உக்காந்த எடத்துலயே படிக்கலாம்மா. பஸ் செலவு இல்ல, லீவு போட வேண்டாம். எவ்வளவு வசதி பாருங்க."

"நாங்க உக்கார்றதே இல்லையே சார்" என்றாள் நீராவியக்கா.

மற்றவர்கள் சிரித்தார்கள். அலுவலரும் சிரித்துவிட்டுக் கையெழுத்துத் தாளை நீட்டினார்.

அவள் எட்டாம் வகுப்பு வரை படித்தவள். படிக்கத் தெரியும், வேகமாக வராது. ஒவ்வொரு சொல்லையும் வாய்க்குள் சொல்லிப் பார்த்துத்தான் அடுத்த சொல்லுக்குப் போவாள்.

வீடு மூன்றாம் மாடியில். ஒரு அறை, ஒரு சமையலறை, துணி காயப்போட ஒரு பால்கனி. புருஷன் பேருந்துப் பணிமனையில் மெக்கானிக். மகள் கல்லூரியில் இரண்டாம் வருஷம். இவர்களோடு பத்து வருஷமாக அவளுடைய நாத்தனார், புருஷனுக்கு அக்கா; இவள் அண்ணி என்று கூப்பிடுவாள். நாத்தனாருக்குப் பிள்ளை குட்டி கிடையாது. குரல் மட்டும் உண்டு. அவள் வீட்டுக்குள் ரகசியம் பேசினால் தெருமுனையில் இருப்பவர்கள் பதில் சொல்லலாம்.

வீட்டில் உருப்படியான போன் ஒன்றுதான், மகளுடையது. நீராவியக்காவின் போனில் திரை உடைந்து, பாதிப் பாடம் கீறலுக்கு அடியில் போய்விடும். மகளுக்கும் சில வகுப்புகள் ஆன்லைனில்தான். அந்த மூன்று மாதமும் அந்த வீட்டில் தினமும் ஒரே வழக்கு: இன்றைய டேட்டாவைத் தீர்த்தது யார்? பெரும்பாலும் நாத்தனார்தான். சீரியலில் விட்டுப்போன பாகத்தை அவள் போனில்தான் பார்ப்பாள். ஆனால் அவளிடம் யார் கேட்பது?

நீராவியக்கா விடிகாலை பஸ்ஸில் போகும்போதும் மதியச் சாப்பாட்டு நேரத்திலும் தன் உடைந்த போனில் படித்தாள், சாயங்காலம் மகளுடையதில். பாடங்களில் மஞ்சள் கையுறை மாட்டிய ஒரு பொம்மை வந்து போகும். லிஃப்டில் தளம் சொல்கிற குரல் மாதிரி ஒரு குரல் பேசும். 'அடுத்து' என்ற பொத்தான் ஒன்றரை நிமிஷம் கழித்துத்தான் வேலை செய்யும். கூட இருந்தவர்கள் போனைக் குழாய்மேல் சாய்த்து ஓடவிட்டுவிட்டு வேலையைப் பார்த்தார்கள். நேரம் வந்ததும் முழங்கையால் ஒரு தட்டு. அவர்களில் இளையவள், எல்லோரும் கண்ணாடிக்காரி என்று கூப்பிடும் பெண், நாற்பது பாடத்தையும் இரண்டே நாளில் முடித்தாள்.

"வீடியோ ஓடிட்டு இருந்தா போதும்க்கா. நாம பாக்கணும்னு அவசியமில்ல" என்றாள்.

ஆனால் நீராவியக்கா பார்த்தாள். பதினேழாம் பாடத்தை நான்கு முறை பார்த்தாள். ஒரு மெல்லிய குழாயை நெடுக வெட்டி, உள்பக்கத்தை உருப்பெருக்கிக் காட்டியிருந்தார்கள். கண்ணுக்குப் பளபளவென்று சுத்தமாகத் தெரிந்த அந்தக் குழாயின் சுவரில் கிருமிகள் பிசின் போல ஒரு படலம் கட்டி, அதற்குள் பத்திரமாகக் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தன. வெறும் தண்ணீர் ஊற்றினால் அது போகாது, பிரஷ் விட்டுத் தேய்த்தால்தான் கிழியும் என்றது குரல். பதினாறு வருஷமாக நீள பிரஷ்ஷை உள்ளே விட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தவள், எதைத் தேய்த்தோம் என்பதை அன்றுதான் கண்ணால் கண்டாள்.

அன்று சாயங்காலம் புருஷனிடம் அதைக் காட்டினாள். "இத எனக்கு மொதல்லயே யாராச்சும் காட்டியிருக்கலாம்ல."

"காட்டியிருந்தா என்ன பண்ணியிருப்ப?"

"கூடச் சம்பளம் கேட்டிருப்பேன்."

இருபத்துமூன்றாம் பாடத்தில்தான் அவளுக்கும் படிப்புக்கும் சண்டை வந்தது. ட்ரேயில் கத்தரிகளையும் இடுக்கிகளையும் மூடிய நிலையில் அடுக்க வேண்டும், அப்போதுதான் கையில் குத்தாது என்றது பாடம். அவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. மூடி வைத்தால் இரண்டு அலகும் சேரும் இடத்துக்குள் நீராவி எப்படிப் போகும்? கிருமி இருப்பதே அந்த இடுக்கில்தானே? மகளை உட்காரவைத்து, பாடத்துக்குக் கீழே கருத்து எழுதும் பெட்டியில் இதை எழுதச் சொன்னாள். உடனே பதில் வந்தது: உங்கள் கருத்துக்கு நன்றி, இந்தப் பாடத்துக்கு எத்தனை நட்சத்திரம் தருவீர்கள்?

"ஒண்ணு போடு. அதுவும் அந்த பொம்மைக்காக" என்றாள்.

தேர்வு ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு. அறையில் வேறு யாரும் இருக்கக் கூடாது, கதவு மூடியிருக்க வேண்டும், முகம் திரையிலுள்ள வட்டத்தைவிட்டு வெளியே போகக் கூடாது, தொண்ணூறு நிமிஷம். மகள் தன் போனைக் கொடுத்துவிட்டுத் தோழி வீட்டுக்குப் போனாள். புருஷன் செய்தித்தாளோடு மாடிப்படியில் உட்கார்ந்தார். நாத்தனார் மட்டும் அசையவில்லை.

"எனக்கு மூட்டு வலி. மூணு மாடி எறங்கி எங்க போறது? சமையலறைக்குள்ள இருந்துக்கறேன். மூச்சுகூட விட மாட்டேன், போ."

ஐம்பது நிமிஷம் அவள் வாக்குத் தவறவில்லை. ஐம்பத்தோராம் நிமிஷம் மேல்வீட்டுக்காரி தன் பால்கனியிலிருந்து மிதியடியை உதறினாள். மண்ணெல்லாம் இவர்கள் காயப்போட்டிருந்த ஈரத் துணியில். சமையலறை ஜன்னல் வழியாக அதைப் பார்த்த நாத்தனார் கதவைத் திறந்துகொண்டு வந்தாள், நீராவியக்காவின் முதுகுக்குப் பின்னால் அறையைக் கடந்தாள், பால்கனியில் நின்று மேலே பார்த்துச் சொல்ல வேண்டியதையெல்லாம் சொன்னாள், கை நிறையத் துணியை உருவிக்கொண்டு திரும்பவும் அறையைக் கடந்து உள்ளே போனாள். நீராவியக்கா திரும்பிப் பார்க்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு அடுத்த கேள்விக்குப் போனாள்.

மூன்றாம் நாள் செய்தி வந்தது. தேர்வு ரத்து. காரணங்கள்: அறையில் இரண்டாம் நபர். தொடர்ந்த உதடசைவு, கேள்விகளைப் பிறருக்கு வாசித்துக் காட்டியிருக்கலாம். கண் நாற்பத்தொரு முறை திரையைவிட்டு விலகியது. மீண்டும் எழுத விரும்பினால் முழுக் கட்டணத்தையும் கட்டி, விதிமீறலை ஒப்புக்கொள்ளும் உறுதிமொழிப் படிவத்தில் கையெழுத்திட வேண்டும்.

மகள் வாசித்துக் காட்டியதும் நாத்தனார் எழுந்து போய்ப் பாத்திரங்களைக் கழுவினாள். கழுவி வைத்திருந்த பாத்திரங்களை.

மற்ற ஐந்து பேரும் தேறியிருந்தார்கள். கண்ணாடிக்காரிக்குத் தொண்ணூற்றாறு. அவளுடைய அண்ணன் போனுக்குப் பின்னால் நின்று விடையெழுதிய தாளைக் காட்டிக்கொண்டே இருந்தான் என்பது நீராவி அறை முழுக்கத் தெரியும். அவள் கண் ஒருமுறைகூட விலகவில்லை.

"அத எடுத்துச் சொல்லேன் ஆபீசுல" என்றார் புருஷன்.

"நான் ஏமாத்தலன்னு சொல்றதுக்கு அவள எதுக்கு இழுக்கணும்? அது தனி விஷயம்."

நிர்வாக அலுவலர் அவளை உட்காரச் சொல்லித் தன்மையாகத்தான் பேசினார். "படிவத்துல ஒரு கையெழுத்தப் போட்டுட்டு மறுபடி எழுதிடும்மா. சும்மா ஒரு சம்பிரதாயம்."

"அதுல என்ன சார் எழுதியிருக்கு?"

"விதிமீறல் நடந்தத ஒப்புக்கறேன்னு."

"நடக்கலையே சார்."

"அதெல்லாம் யாரும் படிக்க மாட்டாங்கம்மா."

"யாரும் படிக்காத காகிதத்துக்கு எதுக்கு சார் என் கையெழுத்து?"

மறுநாளிலிருந்து அவளுக்குச் சலவைக்கூடத்தில் துணி மடிக்கும் வேலை. நீராவி அறைக்கென்று இருந்த சிறப்புப் படி போயிற்று. அறையின் கதவில் 'சான்றிதழ் பெற்றவர்கள் மட்டும்' என்று ஒரு தாள் ஒட்டினார்கள். அவள் அதைத் தினமும் கடந்து போய், படுக்கை விரிப்புகளை மடித்தாள். ஓரத்தைத் தொட்டால் கை அறுபடும் போல அத்தனை கோபமான மடிப்பு.

வீட்டிலும் அழுத்தம். "போட்டுத் தொலையேன்" என்றார் புருஷன். "ஒரு கையெழுத்துதானே. வீறாப்பு சோறு போடுமா?"

"ஒரு தடவ போட்டேன்னு வச்சுக்கங்க. நாளைக்கு ஒரு ட்ரேயில ஒரு ஊசி காணலன்னா மொதல்ல யார் பேரு வரும்? 'ஏற்கெனவே ஏமாத்துனேன்னு எழுதிக் குடுத்தவ'ன்னு என் பேருதான் வரும். அந்தக் காகிதம் என்கூடவே சாகுறவரைக்கும் வரும்."

அவர் அதற்குப் பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

இரண்டாம் வாரம், காலை பத்து மணி இருக்கும். தியேட்டர் சிஸ்டர் சலவைக்கூடத்துக்குள் ஓடி வந்தாள்.

"அக்கா, கொஞ்சம் வாங்க. காலையிலேர்ந்து நாலு பொதி ஈரமா வந்திருக்கு. திருப்பி அனுப்பினா, திரும்பவும் ஈரமாவே வருது."

"சான்றிதழ் இல்லாதவ உள்ள வரக் கூடாதுன்னு கதவுலயே ஒட்டியிருக்கு சிஸ்டர். படிச்சுப் பாருங்க."

"மேல ஒரு அம்மா தொடை எலும்பு ஒடஞ்சு படுத்திருக்காங்கக்கா."

நீராவியக்கா கையிலிருந்த விரிப்பை வைத்தாள். போனாள்.

பெட்டியைத் திறந்ததுமே தெரிந்தது. சந்தைக்குப் போகிற லாரி மாதிரி அடைத்திருந்தார்கள். பொதிகள் ஒன்றின்மேல் ஒன்றாகப் படுத்துக் கிடந்தன. மேல்தட்டில் உலோக ட்ரே, அதற்குக் கீழே துணி. மேலே வேர்த்த தண்ணீரெல்லாம் கீழே துணியில் சொட்டிக்கொண்டிருந்தது. ட்ரேயைப் பிரித்தால் கத்தரிகள் எல்லாம் வாயை இறுக மூடிக்கொண்டு கிடந்தன. அவள் எல்லாவற்றையும் வெளியே எடுத்து முதலிலிருந்து தொடங்கினாள். உலோகம் கீழ்த்தட்டுக்குப் போயிற்று. துணிப் பொதிகள் கை நுழையும் இடைவெளி விட்டு நெட்டுக்குத்தாக நின்றன. கிண்ணங்கள் சரிந்து உட்கார்ந்தன. ஒன்றரை மணி நேரத்தில் மேலே போன பொதி காய்ந்த இலை மாதிரி இருந்தது.

பதிவேட்டில் 'செய்தவர்' என்று ஒரு கட்டம் உண்டு. சூப்பர்வைசர் பேனாவைக் கண்ணாடிக்காரியிடம் நீட்டினார். "நீ போட்டுரும்மா."

நீராவியக்கா நடுவில் கை நீட்டிப் பேனாவை வாங்கினாள். தன் முழுப் பெயரையும் எழுதினாள். பக்கத்தில் 'சான்றிதழ் இல்லை' என்று எழுதினாள்.

"என்ன பண்றீங்க? சோதனைக்கு வர்றவங்க இதப் பாப்பாங்க."

"பாக்கட்டும். பாக்கத்தானே வர்றாங்க."

அன்று மதியம் கண்ணாடிக்காரி சலவைக்கூடத்துக்கு வந்து நின்றாள். மூக்கெல்லாம் சிவந்திருந்தது. "அந்த வீடியோவுல அடுக்கறதுக்கு ஒரு படந்தான்க்கா இருந்துச்சு. அதையும் நான் சரியாப் பாக்கல. நான் போய் உண்மையச் சொல்லிடறேன்."

"உன் உண்மைய நீ எப்ப வேணா சொல்லிக்க. எனக்காகச் சொல்லாத. இப்ப அந்த நுனியப் பிடி."

இருவரும் ஆளுக்கொரு நுனியாகப் பிடித்து விரிப்பை மடித்தார்கள். பத்து விரிப்பு முடிந்தபோது கண்ணாடிக்காரி கேட்டாள், "மேல்முறையீடு பண்ணலாம்ல அக்கா?"

"பண்ணிப் பாத்தேன். அதுவும் ஆன்லைன்தான். எரநூறு எழுத்துக்குமேல எழுத விட மாட்டேங்குது. எரநூறு எழுத்துல எங்க அண்ணியோட பேச்சக்கூடச் சொல்ல முடியாது."

"கட்டணம் கட்டின ரசீதுல அவங்க ஆபீஸ் விலாசம் இருக்குக்கா" என்றாள் கண்ணாடிக்காரி.

புதன்கிழமை நீராவியக்கா லீவு போட்டாள். சேலையை மாற்றிக்கொண்டு வெளியே வந்தால், மூட்டு வலிக்காரி செருப்பு மாட்டிக்கொண்டு வாசலில் நிற்கிறாள்.

"நீங்க எதுக்கு அண்ணி?"

"சாட்சி வேண்டாமா? படத்துல இருக்கற ரெண்டாவது ஆளே நான்தானே."

ஒரு மெத்தைக் கடைக்கு மேலே, இரண்டாம் மாடியில் இருந்தது அந்த நிறுவனம். பல ஊர்களிலிருந்து பல ஆயிரம் பேர் படிக்கிறார்கள் என்று விளம்பரம் சொன்ன இடத்தில் நான்கு மேசைகள், மூன்று ஆட்கள். காதில் ஹெட்போன் மாட்டியிருந்த இளைஞன் இவர்களைப் பார்த்து எழுந்துவிட்டான்.

"மேடம், இங்க நேர்ல யாரும் வர்றதில்ல. எல்லாம் ஆன்லைன்லதான்."

"வந்துட்டோம்ல" என்றாள் நாத்தனார். "ரெண்டு நாற்காலி போடு தம்பி."

நீராவியக்கா தன் தேர்வின் பதிவைக் காட்டச் சொன்னாள். முடியாது என்றான் அவன். தேர்வெழுதியவரின் அந்தரங்கம் சம்பந்தப்பட்டதாம்.

"தேர்வெழுதுனது யாரு?"

"நீங்க."

"அப்ப என் அந்தரங்கத்த எனக்குக் காட்டு."

சத்தம் கேட்டு உள்ளறையிலிருந்து பொறுப்பாளர் வந்தாள். நரைத்த முடியைக் குட்டையாக வெட்டியிருந்த பெண். இரண்டு பேரையும் ஒரு நிமிஷம் பார்த்தாள். "போடுப்பா" என்றாள்.

பெரிய திரையில் வட்டத்துக்குள் நீராவியக்காவின் முகம் வந்தது. தான் வேலை செய்யும்போது தன் முகம் எப்படி இருக்கும் என்று அவள் பார்த்ததே இல்லை. உதடு அசைந்துகொண்டே இருந்தது. கண் கீழே போயிற்று, மேலே வந்தது, கீழே போயிற்று.

"பாருங்க மேடம்" என்றான் இளைஞன். "இங்க கீழ பாக்கறீங்க. இங்கயும். கீழ என்ன இருந்துச்சு? புத்தகமா, இன்னொரு போனா?"

"என் கை."

அவனுக்குப் புரியவில்லை. பொறுப்பாளருக்கும் புரியவில்லை.

"அதுல இருபத்தொண்ணாம் கேள்வியப் படி" என்றாள் நீராவியக்கா.

அவன் படித்தான். ஒரு ட்ரேயில் கனமான கருவி, மெல்லிய கருவி, கிண்ணம், கீல் வைத்த கருவி இவற்றை அடுக்கும் வரிசை எது என்ற கேள்வி. அவன் படித்து முடிக்கும் முன்பே அவள் கை மேசைமேல் இறங்கிவிட்டது. அவனுடைய ஸ்டேப்ளர் அடியில் போயிற்று. பேனாக்கள் அதன் பக்கத்தில் ஒரே முகமாகப் படுத்தன. கத்தரிக்கோல் வாயைத் திறந்துகொண்டு உட்கார்ந்தது. கடைசியாக அவன் கோப்பையைத் தூக்கினாள்.

"இதச் சரிச்சு வைக்கணும். நிமுந்து இருந்தா உள்ள தண்ணி நின்னுடும்."

"அதுல டீ இருக்கு மேடம்."

கோப்பையை அவன் கையில் கொடுத்தாள். "ஒவ்வொரு கேள்விக்கும் என் கை இப்படிப் பண்ணிப் பாக்கும். அது சரின்னு சொன்னாத்தான் நான் பொத்தான அமுக்குவேன். வாயும் அப்படித்தான். எட்டாவது படிச்சவ நான். சொல்லிப் படிச்சாத்தான் மண்டையில ஏறும். உங்க மிஷினுக்கு அது தெரியாது. இத உக்காந்து பாத்தவங்களுக்குத் தெரியலையா? பாத்தது யாரு?"

இளைஞன் பொறுப்பாளரைப் பார்த்தான். பொறுப்பாளர் திரையைப் பார்த்தாள்.

"மிஷின் பட்டியல் போடும். அது அப்படியே கடிதமாப் போயிடும்" என்றாள் கடைசியில். "எல்லாத்தையும் உக்காந்து பாக்க எங்ககிட்ட ஆள் இல்ல."

"அப்ப யாருமே பாக்கல. யாருமே பாக்காம என்னத் திருடின்னு எழுதிட்டீங்க."

அந்த நேரம் பார்த்துத் திரையில் நாத்தனார் நுழைந்தாள். மேல்வீட்டுக்காரிக்கு அன்று கிடைத்தது முழுவதும் அந்த அலுவலகத்தில் கணீரென்று ஒலித்தது. இளைஞன் அவசரமாக ஒலியைக் குறைத்தான்.

"கொறைக்காத, வை" என்றாள் நாத்தனார். "நல்லாக் கேளுங்க. கத்தரின்னு ஒரு வார்த்த, கிருமின்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கேனா? மிதியடியப் பத்தித்தானே பேசியிருக்கேன்?"

பொறுப்பாளர் வாயைக் கையால் மறைத்துக்கொண்டாள். பிறகு, கட்டணம் இல்லாமல் இன்னொரு முறை எழுதலாம், படிவமும் வேண்டாம் என்றாள்.

"எழுத மாட்டேன்" என்றாள் நீராவியக்கா. "எழுதினது இருக்கு. அதத் திருத்துங்க. நான் ஏமாத்தலன்னு ஒரு கடிதமும் குடுங்க."

"அப்படி ஒரு நடைமுறையே இல்லைங்க."

"நான் லீவு போட்டுட்டு வந்திருக்கேன். சாயங்காலம்வரைக்கும் இருப்பேன். யோசிச்சுச் சொல்லுங்க."

இருந்தார்கள். மதியம் நாத்தனார் பையிலிருந்து சாப்பாட்டு டப்பாவை எடுத்து, இளைஞனுக்கும் ஒரு பங்கு வைத்தாள். அவன் வேண்டாம் என்று சொல்லிவிட்டுச் சாப்பிட்டான். பொறுப்பாளர் உள்ளறையில் யார் யாருக்கோ போன் செய்தாள். நான்கு மணிக்குக் கடிதம் தயாராயிற்று, ஆனால் அச்செடுக்க முடியவில்லை; அந்த அலுவலகத்தில் பிரிண்டர் பழுதாகி எத்தனையோ மாதம் ஆகியிருந்தது. இளைஞன் தெருவுக்கு இறங்கிப் போய் ஒரு கடையில் அச்செடுத்து வந்தான். முழுப் பதிவையும் பார்த்ததில் விதிமீறல் எதுவும் இல்லை என்று அதில் இருந்தது. மதிப்பெண் எழுபத்தொன்று. அறுபது எடுத்தால் தேர்ச்சி.

மதிப்பெண் போன கேள்விகள் எவை என்று அவள் கேட்டாள். அவற்றில் ஒன்று கத்தரிக் கேள்வி. திறந்து வைக்க வேண்டும் என்று அவள் போட்டது தவறாம்.

"அது உங்க தப்பு" என்றாள்.

"பாடம் தயாரிக்கறவங்க வேற ஊர்ல இருக்காங்க. எழுதி அனுப்பறேன்" என்று பொறுப்பாளர் குறித்துக்கொண்டாள்.

மறுநாள் நிர்வாக அலுவலர் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எழுபத்தொண்ணுதானாம்மா?"

"ஆமா சார். எழுபத்தொண்ணும் என்னோடது."

அன்றே அவள் தன் அறைக்குத் திரும்பினாள். முதல் வேலையாக ட்ரே அடுக்கும் மேசைக்கு மேல் கொட்டை எழுத்தில் ஒரு தாளை ஒட்டினாள்: கத்தரியைத் திறந்து வை. சூப்பர்வைசர் அது பாடத்துக்கு எதிராக இருக்கிறதே என்றார். பாடம்தான் அதற்கு எதிராக இருக்கிறது என்றாள்.

அதோடு விட்டிருந்தால் நிர்வாகத்துக்கு நிம்மதி. ஆனால் அடுத்து சலவைக்கூடத்துக்கு ஒரு படிப்பு, துப்புரவுக்கு ஒரு படிப்பு, சமையற்கட்டுக்கு ஒரு படிப்பு என்று வரிசையாக வரப்போவது தெரிந்தது. அவள் ஒரு மனு எழுதினாள். படிப்பு வேலை நேரத்தில், மருத்துவமனையின் கம்ப்யூட்டரில் நடக்க வேண்டும். தேர்வுக்கு ஒரு தனி அறை வேண்டும். ஒரு மனிதர் பார்க்காமல் யாருடைய தேர்வையும் ரத்து செய்யக் கூடாது. கட்டணம் முழுவதையும் வேலை கொடுப்பவரே கட்ட வேண்டும். முதல் கையெழுத்து அவளுடையது, இரண்டாவது கண்ணாடிக்காரியுடையது. மொத்தம் நாற்பத்துமூன்று பேர். சிலர் கைநாட்டு வைத்தார்கள். அவர்களைத்தான் செல்போனில் படித்துத் தேர்வெழுதச் சொல்லியிருந்தார்கள்.

கேட்டதெல்லாம் கிடைக்கவில்லை. கட்டணம் பாதி பாதிதான் என்று அடித்துச் சொல்லிவிட்டார்கள். ஆனால் வாரம் ஒரு மணி நேரம் வேலை நேரத்திலேயே படிக்கலாம் என்றானது. பழைய கோப்புகள் கிடந்த ஓர் அறையைக் காலி செய்து நான்கு கம்ப்யூட்டர் போட்டார்கள். ரத்து செய்வதற்கு முன் ஒரு ஆள் பார்ப்பார் என்று நிறுவனமும் எழுதிக் கொடுத்தது. பார்க்கிறார்களா என்று யாருக்குத் தெரியும்? இதுவரை யாருக்கும் ரத்துக் கடிதம் வரவில்லை.

போன மாதம் ஒரு காலையில் அந்தப் பொறுப்பாளர் நீராவியக்காவுக்குப் போன் செய்தாள். பாடங்களைப் புதுப்பிக்கிறார்களாம். பொம்மைக்குப் பதிலாக உண்மையான ஆள் ட்ரே அடுக்குவதைப் படம் பிடிக்க வேண்டுமாம். அவளுடைய கைகள்தான் வேண்டும் என்று இளைஞன் அடம்பிடிக்கிறானாம்.

"கூலி என்ன?" என்றாள் நீராவியக்கா.

"கடைசியில உங்க பேரு வரும். எத்தனையோ ஊர்ல பாப்பாங்க. அது ஒரு பெருமைதானேங்க."

"உங்க பொம்மைய வரஞ்சவருக்குக் கூலி குடுத்தீங்களா?"

மேலிடத்தில் கேட்டுச் சொல்வதாகப் பொறுப்பாளர் சொன்னாள்.

"கேளுங்க. கத்தரிக் கேள்வியத் திருத்தியாச்சா?"

"அடுத்த பதிப்புல கண்டிப்பா."

"அப்ப அது ரெண்டும் ஆனப்புறம் கூப்பிடுங்க. அதுவரைக்கும் யாருக்காவது பாக்கணும்னா இங்க நேர்ல வரச் சொல்லுங்க. காலையில எட்டு மணிக்கு மொத ட்ரே."

போனை மேலங்கிப் பைக்குள் போட்டாள். பெட்டியின் அழுத்தம் காட்டும் முள் பூஜ்யத்துக்கு இறங்கியிருந்தது. தடித்த கையுறையை மாட்டிக்கொண்டு, ஒரு பக்கமாக ஒதுங்கி நின்று, கதவைத் திறந்தாள்.